அக்கா பேசியதை நான் மொழிபெயர்க்கவில்லை

இதை எழுதலாமா என்று சில வருடங்களாகவே தயங்கிக்கொண்டிருந்தேன். சாமி விஷயம்; அதிலும் எங்கள் அக்கா விஷயம். பன்னிரண்டாம் வகுப்போடு நின்றவன் பெரிய படிப்பைப் பற்றி எழுதினால் சிரிப்பார்களோ என்ற பயம் வேறு. ஆனாலும் மனசு ஒரு இடத்தில் நிற்கமாட்டேன் என்கிறது.

நான் இருக்கும் நார்வேயில் வீட்டுக்குள் நுழைந்ததும் செருப்பைக் கழற்றிவிடுகிறார்கள். சர்ச்சுக்குள் மட்டும் பூட்ஸோடு போகிறார்கள். ஏன் என்று பக்கத்துவீட்டு இங்ரிட்டிடம் கேட்டேன். அவர் கல்லூரியில் மானிடவியல் சொல்லிக்கொடுப்பவர். திகைத்துப் போய், "எங்களை யாரும் இப்படிக் கேட்டதில்லை" என்றார். இத்தனை காலம் நாங்கள்தான் ஊர் ஊராகப் போய் மற்றவர்களைப் பற்றி எழுதினோம், இனி எல்லா நாட்டுக்காரர்களும் கேட்கவேண்டும், எழுதவேண்டும், இந்தப் படிப்பே மாறவேண்டும் என்றார். எனக்கு நியாயமாகப் பட்டது. அந்த ஆடி மாதம் எங்களோடு ஆவடிப் பக்கம், கோவில்பதாகைக்கு வந்தார்.

எங்கள் தெரு அம்மன் கோயிலில் அன்று கூழ் ஊற்றினோம். "அண்ணாத்தே, வெள்ளக்கார அம்மா மறுபடியும் சொம்போட வந்துகினு கீது. கருவாட்டுக் கொழம்ப ஒளிச்சி வை!" என்று கூழ் ஊற்றிய சேகர் கத்த, தெருவே சிரித்தது. புது ஃபிளாட்டுக்காரர்கள் பால்கனியிலிருந்து எட்டிப் பார்த்தார்கள். பம்பைச் சத்தம் ஏறியபோது, அம்பத்தூரில் தையல் கம்பெனிக்குப் போகும் என் அக்கா கஸ்தூரிக்கு அருள் வந்தது. விழாமல் நான் பிடித்துக்கொண்டேன். அவள் வாயிலிருந்து வந்த வார்த்தைகளை எல்லோரும் கைகூப்பிக் கேட்டார்கள். அக்கா முன்பே சரி என்று சொல்லியிருந்ததால் இங்ரிட் வீடியோ படம் எடுத்தார்.

நார்வேக்குத் திரும்பி வந்ததும் அதை வகுப்பில் காட்டப் போவதாகவும், அக்கா பேசியதை நான் மொழிபெயர்க்கவேண்டும் என்றும் சொன்னார். படத்தில் என் பெயரும் வருமாம். பெருமையாகத்தான் இருந்தது. எழுத உட்கார்ந்தால் கை ஓடவில்லை. அம்மன் சொன்னாள் என்று எழுதுவதா, கஸ்தூரி சொன்னாள் என்று எழுதுவதா? சாமி விளக்கு முன்னால் உட்கார்ந்தும் தெளியவில்லை. அக்காவுக்குப் போன் செய்தேன்.

"நான் இன்னா சொன்னேன்னு எனக்கே தெரியாதுடா. நீ சொல்லு" என்றாள். சொன்னேன். இன்னொரு தரம் சொல்லச் சொல்லிக் கேட்டாள்.

"டேய், இங்க கும்புட்டுகினு கேட்டாங்க. அது ஆத்தா பேச்சு. அங்க நாற்காலில குந்திகினு கேட்டா என் ஊட்டு சமாச்சாரமா பூடும். படத்த வேணா போட்டுக்க சொல்லு. பேச்சு வாணாம்."

இதைச் சொன்னதும் இங்ரிட்டின் முகம் வாடியது. "இப்போதுதான் உங்களுக்குப் பேச இடம் கொடுக்கிறோம். நீங்களே வேண்டாம் என்றால் எப்படி?"

"வேண்டாம் என்று சொல்லவும் இடம் வேண்டும் இல்லையா?" என்றேன், எனக்குத் தெரிந்த நார்வே மொழியில். கோபித்துக்கொண்டாரோ, புரிந்துகொண்டாரோ, இன்றுவரை எனக்குத் தெரியாது. சத்தத்தை நிறுத்தித்தான் வகுப்பில் படத்தைப் போட்டார்; என்னையும் அழைத்திருந்தார்.

வகுப்பில் ஒரு மாணவன், "அந்த அம்மாவுக்கு இப்போது உடம்பு தேவலையா?" என்று கேட்டான்.

"உடம்புக்கு ஒன்றுமில்லை தம்பி. அம்மன் வந்திருந்தாள்" என்றேன்.

"எங்கே நிற்கிறார்?" என்று திரையில் தேடினான்.

திரையில் நான் அக்காவைத் தாங்கிப் பிடித்துக்கொண்டிருந்தேன். இங்கே அந்தப் பிள்ளைகளோடு நாற்காலியில் உட்கார்ந்து, அவள் வாய் அசைவதைப் பார்த்துக்கொண்டிருந்தேன். கும்பிடத் தூக்கிய கை பாதியிலேயே நின்றுவிட்டது. எல்லோரும் என் முகத்தையே பார்த்தார்கள்.

படிக்கிற நீங்களும் இதை நாலு பேரிடம் சொல்லுங்கள். ஆனால் அக்கா இன்னதுதான் பேசியிருப்பாள் என்று நீங்களாக ஒன்றைச் சேர்த்துவிடாமல், இங்கே இருப்பதை இருக்கிறபடியே சொல்லுங்கள்.