மின்தடை நாளில் பதினொரு நிமிடம்

எங்கள் பாட்டு பதினொரு நிமிடம். சைக்கடெலிக் ராக் அப்படித்தான். ஒரே மெட்டு சுற்றிச் சுற்றி வரும், கேட்கிறவர் தலையும் கூடவே சுற்ற வேண்டும். முழுதாகக் கேட்ட என் அம்மா, "ஏட்டி, இன்னும் சுதி சேத்து முடியலையா?" என்றாள்.

நாங்கள் மூன்று பேர். நான் கிடார், ஸ்ரீவில்லிபுத்தூர் சர்ச்சில் கற்றது. டிரம்ஸ்காரன் ராஜபாளையத்தில் பேண்டேஜ் துணி நெய்யும் விசைத்தறிக் கூடம் வைத்திருந்தான். பேஸ் கிடார் சேத்தூர்த் தம்பி. போலீஸ் வேலைக்குத் தேர்வாகியிருந்தான். ஆறு வருடம் கல்லூரி விழா, கிறிஸ்துமஸ் என்று வாசித்தோம். ஒரு கல்யாணத்தில் பாதிப் பாட்டிலேயே எங்களைப் பந்திக்கு அனுப்பிவிட்டார்கள். சாப்பாடு பிரமாதம்.

ஒருநாள் டிவியிலிருந்து போன் வந்தது. எங்கள் இடத்துக்கே வந்து படம்பிடிக்கிறார்களாம்! எனக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. தம்பி பயிற்சிக்குக் கிளம்ப ஒரு வாரம்தான் இருந்தது. "இது ஒண்ணு பதிவாயிட்டாப் போதும்க்கா. பொறவு வேற ஆளச் சேத்துக்கோங்க" என்றான். எனக்குச் சுருக்கென்றது. இது தவறினால் மூவரையும் சேர்த்து யாரும் பார்க்கப்போவதில்லை.

நாள் குறித்தது டிரம்ஸ்காரன். "செவ்வாக்கெழம வரச்சொல்லு. அன்னைக்கு ஒரு தறியும் ஓடாது. ஊசி விழுந்தாக் கேக்கும்."

சொன்னது போலவே கூடம் நிசப்தமாக இருந்தது. வண்ண விளக்கு அடிக்க உத்தரத்திலிருந்து வெள்ளைத் துணியைத் தொங்கவிட்டோம். டிவிக்காரர்கள் கேமராவை நிறுத்தினார்கள். நான் ஆம்ப்ளிஃபயர் ஸ்விட்சைப் போட்டேன். உயிரில்லை. தறி ஏன் ஓடாது என்பது அப்போதுதான் உறைத்தது. மாதாந்திர மின்தடை! கரண்டு ஐந்து மணிக்கு வரும். அவர்கள் நாலு மணிக்குத் திருநெல்வேலி கிளம்ப வேண்டும். கரண்டு இல்லாமல் கிடார் ஊமை என்பது மூன்று மண்டைகளில் ஒன்றுக்கும் தோன்றவில்லை.

பைக்கை எடுத்துக்கொண்டு ஸ்ரீவில்லிபுத்தூருக்குப் பறந்தேன். அங்கே எனக்குத் தெரிந்த ஸ்பீக்கர் செட்காரரின் ஜெனரேட்டர் ஒரு காதுகுத்து வீட்டில் ஓடிக்கொண்டிருந்தது.

"பந்தி முடியாம எப்படித் தாயி எடுக்கது? செத்த நேரம் இரி" என்றார்.

இருக்க முடியுமா? சாம்பார் வாளியைத் தூக்கிக்கொண்டு நானே பரிமாறப் போனேன். இரண்டாவது சோறு கேட்டவர்களை எல்லாம் மனதுக்குள் திட்டினேன். கடைசிப் பந்தி எழுந்தபோது மணி இரண்டரை.

ஜெனரேட்டரை வேனில் கொண்டுவந்து, அதன் சத்தம் கேட்காதபடி தெருக்கோடியில் நிறுத்தி வயர் இழுத்து முடிக்க மூன்றரை ஆகிவிட்டது. "ஒரே டேக்" என்றார் இயக்குநர். வாசித்தோம். அப்படி நாங்கள் அதற்கு முன் வாசித்ததே இல்லை. சிவப்பும் நீலமுமாக விளக்குகள் துணிமேல் ஓடின. தம்பி கண்ணை மூடிக்கொண்டு வாசித்தான். எனக்குச் சிரிப்பும் அழுகையும் சேர்ந்து வந்தன.

ஒளிபரப்பானது தம்பி பயிற்சிக்குப் போன பிறகு. பதினொரு நிமிடத்தை மூன்று நிமிடமாக வெட்டியிருந்தார்கள். நான் ஆறு மாதம் பழகிய தனி வாசிப்பில் என் முழங்கை மட்டும்தான் தெரிந்தது. மிச்சமெல்லாம் தம்பிதான். எரிச்சல் வந்ததை மறைப்பானேன்? வந்தது.

போன் அடித்தது. பயிற்சிப் பள்ளியிலிருந்து தம்பி. பின்னால் ஒரே கூச்சல்.

"அக்கா, ஹால்ல அம்புட்டுப் பேரும் எந்திரிச்சிக் கை தட்டுதானுவக்கா!" மூச்சு வாங்கினான். பிறகு குரலைத் தாழ்த்தினான். "வேற ஆளச் சேத்துட்டியளா?"

"இல்லலே."

"சேக்காதியக்கா. லீவுல வாரேன்."