பொறி வைக்காத மாதங்கள்

எங்கள் அக்காவுக்கு எலி எண்ணுகிற வேலை. இதை யாரிடம் சொன்னாலும் முதலில் சிரிப்பார்கள். பிறகு, ஒருநாள் அவளைத் தங்கள் வீட்டுச் சமையலறைக்கு அனுப்பி வைக்கச் சொல்வார்கள். அவள் பிடிப்பது வீட்டு எலி இல்லை, ஊருக்கு வெளியே குன்றுச் சரிவில் புல்லும் புதருமாகக் கிடக்கும் காட்டில் வாழ்கிற எலி; பிடித்ததைக் கொல்வதும் இல்லை, எடை பார்த்து அடையாளம் போட்டுப் பிடித்த இடத்திலேயே விட்டுவிடுகிறாள் என்று விளக்கினால், சிரித்த முகங்களில் பரிதாபம் வந்துவிடும். "விடறதுக்கு எதுக்குப் பிடிக்கணும்?" என்று என் மாமியார் கேட்டதற்கு இன்றுவரை என்னிடம் பதில் இல்லை. அக்காவிடம் இருக்கிறது. ஆனால் அவள் சொல்லி முடிப்பதற்குள் டீ ஆறிவிடும்.

மாதத்தில் சில நாட்கள், சாயங்காலம் அந்தச் சரிவில் வரிசையாகத் தகரப் பெட்டிகளை வைப்பாள். பெட்டிக்குள் கொஞ்சம் வேர்க்கடலை, குளிருக்கு ஒரு பிடி பஞ்சு. எலி உள்ளே போனதும் கதவு சாத்திக்கொள்ளும். விடிந்ததும் ஒவ்வொரு பெட்டியாகத் திறந்து, எலியைத் துணிப்பைக்குள் இறக்கி, தராசில் தொங்கவிட்டு, ஆணா பெண்ணா, சினையா என்று பார்த்து, காதில் எண் அடித்த பொடித் தகடு ஒன்றை மாட்டி விடுவாள். அடுத்த மாதமும் அதே இடம், அதே பெட்டி. பழைய தகடுகளில் எத்தனை திரும்பி வருகின்றன, புது முகம் எத்தனை என்று பார்த்தால், அந்தச் சரிவில் மொத்தம் எத்தனை இருக்கும், எத்தனை பிறக்கின்றன, எத்தனை போய்ச் சேருகின்றன என்று கணக்குப் போட முடியுமாம். சில வருடம் கால் வைக்க இடமில்லாமல் பெருகும். பிறகு ஒன்றுகூடத் தட்டுப்படாது. மறுபடி எங்கிருந்தோ வரும். ஏன் அப்படி என்பதற்குத்தான் அவள் தன் இளமை முழுவதையும் கொடுத்தாள். கொடுத்த அளவுக்குப் பதில் கிடைத்ததா என்று கேட்டால், "பாதி புரிஞ்சிருக்கு" என்பாள்.

ஆரம்பத்தில் அவள் வேலை பார்க்கிற ஆராய்ச்சி நிலையத்தில் ஒரு கூட்டமே இருந்தது. மாற்றல், ஓய்வு, வெளியூர் வேலை என்று ஒவ்வொருவராகக் கழன்றுகொண்டார்கள். இப்போது பெயர்ப்பலகை இருக்கிறது, அவள் இருக்கிறாள், நினைத்தால் வரும் காவலாளி ஒருவர் இருக்கிறார். அப்போதெல்லாம் சாயங்காலம் அவள் திரும்பிப் போனது எங்கள் அப்பா அம்மா விட்டுச் சென்ற வீட்டுக்கு. அங்கேயும் அவள் மட்டும்தான். ஒரு வேளை சமைத்து இரண்டு வேளை சாப்பிடுவாள். நான் வெளியூரில் இருந்து போன் செய்தால் "ம்", "சரி", "வை" என்கிற மூன்று சொற்களில் முடித்துவிடுவாள். அதே வாய், பைக்குள் நடுங்கும் எலியிடம், "அவ்வளவுதான் கண்ணு, முடிஞ்சுது, இப்பப் போயிடலாம்" என்று கொஞ்சுவதை என் காதால் கேட்டிருக்கிறேன். எனக்கு வயிறு எரியாமல் என்ன செய்யும்?

அந்த எலிகளில் ஒன்றுக்கு நான் வைத்த பெயர் வாடிக்கைக்காரர். உள்ளே போனால் கடலை உண்டு, பஞ்சு மெத்தை உண்டு, காலையில் விட்டுவிடுவார்கள் என்று அது கண்டுபிடித்துவிட்டது. பெட்டி வைக்கிற நாளெல்லாம் வந்து படுத்துக்கொள்ளும். ஒரே ஆள் இப்படித் திரும்பத் திரும்ப வந்தால் கணக்கு கெட்டுவிடும் என்று அக்கா திட்டுவாள். ஒரு குளிர்காலத்தோடு அது வருவதை நிறுத்திவிட்டது. அதற்கப்புறம் அந்தப் பெட்டிக்கு மட்டும் அவள் கடைசியாகப் போனாள்.

அவளுடைய அட்டவணையில் ஒரு கண்டிப்பு உண்டு. எலி வந்திருந்தால் கட்டத்தில் ஒரு புள்ளி. பொறி வைத்தும் வராவிட்டால் ஒரு கோடு. செத்தது என்று எழுத வேண்டுமானால் உடலைக் கண்ணால் பார்த்திருக்க வேண்டும். மழையாலோ காய்ச்சலாலோ பொறியே வைக்காமல் போன மாதத்துக்குக் கோடும் கிடையாது, கட்டம் காலியாகவே கிடக்கும். "தேடி வரலைன்னா அது ஒரு தகவல். தேடவே இல்லைன்னா அது ஒண்ணுமே இல்ல" என்பாள். இதைச் சொல்லும்போது மட்டும் அவள் குரலில் ஒரு அதிகாரம் இருக்கும்.

இனி அண்ணனைப் பற்றிச் சொல்ல வேண்டும். அக்காவுக்கும் எனக்கும் நடுவில் பிறந்தவன். இருபது வயதைத் தாண்டிய கையோடு அப்பாவின் மோட்டார் சைக்கிளை எங்கேயோ மோதி முன்விளக்கை உடைத்துக்கொண்டு வந்தான். ஒரு விளக்குக்காக ஆரம்பித்த சண்டை எங்கெங்கோ போய், "இனி இந்த வீட்டுப் படி ஏறாதே" என்றார் அப்பா. அவர் தினமும் யாரையாவது சொல்கிற வார்த்தைதான். அவன் அதை அப்படியே எடுத்துக்கொண்டான். துறைமுக ஊர் ஒன்றிலிருந்து ஒரே ஒரு முறை அம்மாவுக்குப் போன் செய்து, கப்பல் பழுது பார்க்கிற இடத்தில் வெல்டிங் வேலை கிடைத்திருக்கிறது என்றான். அதோடு சரி. யாரும் தேடிப் போகக் கூடாது என்று அப்பா பிடிவாதமாக இருந்தார், நாங்களும் அதற்குப் பழகிவிட்டோம். அப்பா அவன் பேரை எடுக்காமலே செத்தார். அம்மா அவன் பேரைத் தவிர வேறு எதையும் எடுக்காமல் செத்தாள். அவன் வந்தால் இருட்டில் தடுமாறக் கூடாது என்று அம்மா போட்டுவைத்த வாசல் விளக்கை, அவளுக்குப் பின் அக்கா எரியவிட்டாள்.

வீடு பழசாகிப் பின்சுவர் வாய் பிளந்தது. விற்றுவிடலாம் என்பதில் அக்காவுக்கும் ஆட்சேபணை இல்லை, நிலையத்தில் ஒரு அறை காலியாக இருந்தது. சிக்கல் அண்ணனால் வந்தது, வீட்டில் அவனுக்கும் பங்கு உண்டு. இத்தனை வருடம் தகவல் இல்லாதவரை இறந்துவிட்டவராக ஏற்கச் சொல்லிக் கூடப்பிறந்தவர்கள் கையெழுத்துப் போட்டுக் கோர்ட்டில் கேட்க வேண்டும் என்றார் வக்கீல். நான் போட்டேன். அக்கா பேனாவையே தொடவில்லை. நேரில் பேசித் தீர்க்கலாம் என்று கிளம்பிப் போனேன்.

"உயிரோட இருந்தா, அம்மா செத்தப்பவாவது வந்திருக்க மாட்டானா?" என்றேன், சமையலறையில்.

"அம்மா செத்தது அவனுக்கு யார் சொன்னா?"

"அப்ப என்னதான் எழுதச் சொல்றே?"

"பார்க்கலைன்னு எழுது. செத்துட்டான்னு எழுத நான் என்ன கண்ணால பார்த்தேனா?"

"அவன் என்ன உன் எலியாக்கா?"

"எலிக்கே நான் அப்படி எழுத மாட்டேன்."

எனக்குக் கோபம் மூக்கின் மேல் நிற்கும், அன்று தலைக்கே ஏறிவிட்டது. "பெரிய நியாயஸ்தி. எலிக்கு மாசாமாசம் பொறி வச்சியே, அவனுக்கு எந்த மாசம் வச்சே? வாசல்ல விளக்கைப் போட்டுட்டு உள்ளே உட்கார்ந்திருந்தே. உன் கணக்குப்படி அவனுக்கு ஒரு கோடு போடக்கூட உனக்கு வழியில்ல. எல்லாக் கட்டமும் காலி."

அவளை மடக்க வேண்டும் என்று வாய்க்கு வந்ததைச் சொன்னேன், அவ்வளவுதான். ஆனால் அக்காவின் முகத்தில் ஈயாடவில்லை. எழுந்து போய்த் தன் டீ கிளாஸைக் கழுவினாள். கழுவிக்கொண்டே இருந்தாள். கடைசியில் குழாயை மூடிவிட்டு, "ஆமா, நான் தேடவே இல்ல" என்றாள்.

அந்த வாரமே லீவு போட்டாள். லீவு எப்படி எழுதிக் கேட்பது என்றே அவளுக்கு மறந்துபோயிருந்தது. துறைமுக ஊருக்குப் போனாள், திரும்பி வந்தாள். மழைக்காலத்தில் மறுபடி போனாள். மழை விட்டதும் ஒருமுறை. "ஒரே காலத்துல பார்த்தா பத்தாது. வேலைக்காக ஊர் மாறுறவங்க திரும்பி வர்ற காலம்னு ஒண்ணு இருக்கும்" என்றாள். அடுத்த கோடையில் கடைசி முறை போனபோது நானும் தொற்றிக்கொண்டேன்.

பகலில் லாட்ஜுகள், மருந்துக்கடைகள், சந்துகளில் இருக்கும் வெல்டிங் பட்டறைகள் என்று ஒன்று விடாமல் நுழைந்தாள். எல்லாரிடமும் ஒரே கேள்வி, ஒரே பழைய போட்டோ. காலையிலும் சாயங்காலமும் ஷிப்ட் மாறும் நேரத்துக்குக் கப்பல் பட்டறை வாசலுக்கு எதிரே ஒரே பெஞ்சில் வந்து உட்காருவாள். பக்கத்து டீக்கடையில் நிழல் இருந்தது, மின்விசிறிகூட இருந்தது. அங்கே போகலாம் என்றால் கேட்கவில்லை.

"கேட் தாண்டினதும் இங்கதான் ஹெல்மெட்டைக் கழட்டுறாங்க. காதைப் பார்க்கணும்."

சின்ன வயதில் கதவு ஆணியில் மாட்டி அண்ணனின் இடது காது மடல் கிழிந்திருந்தது. ஆறியும் அது ஒட்டவில்லை, இரண்டாகப் பிரிந்தே இருக்கும். எனக்கு அது அடியோடு மறந்துவிட்டது.

"முகம் மாறிடும், முடி கொட்டிடும். காது அப்படியே இருக்கும்" என்றாள். வருகிற ஆள் ஒவ்வொருவரின் இடது காதையும் கழுத்தைச் சாய்த்துப் பார்த்தாள். சிலர் நெளிந்தார்கள். ஒரு கிழவர் தன் காதைத் தடவிப் பார்த்துக்கொண்டார். பல நாளாக இதைக் கவனித்துவந்த வாசல் காவல்காரர் எங்களிடம் வந்து, "ஏம்மா, ஆளைத் தேடறீங்களா, இல்ல கடுக்கன் விக்க வந்திருக்கீங்களா?" என்று கேட்டார். நான் சிரித்துவிட்டேன். அக்கா போட்டோவைக் காட்டினாள். அவர் சிரிக்காமல், கண்ணாடி போட்டுக்கொண்டு நெடுநேரம் பார்த்துவிட்டு, உதட்டைப் பிதுக்கினார்.

கடைசி நாள் சாயங்காலம் கடைசி ஆளும் போய்விட்டான். காவல்காரர் கேட்டை இழுத்துச் சாத்தினார். எலி வராத பெட்டியை மூடும்போது சொல்கிற அதே குரலில் அக்கா, "வரலை" என்றாள். சொல்லிவிட்டு அழுதாள். அப்பாவுக்கோ அம்மாவுக்கோ அவள் இப்படி அழுது நான் பார்த்ததில்லை.

"அப்பவே வந்திருக்கணும். அப்ப அவன் இங்கதான் இருந்திருப்பான். நான் எலியைப் பிடிச்சுட்டு இருந்தேன்."

அவள் கையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

திரும்பி வந்து வக்கீல் ஆபீசில் கையெழுத்துப் போட்டாள். படியிறங்கும்போது, "இப்பவும் எனக்கு அது கோடுதான். அவங்க வேற பேர் வச்சுக்கட்டும்" என்றாள். வீட்டைக் காலி செய்த அன்று சாமான் எல்லாம் ஏறின பிறகு, வாசல் விளக்கை அவளே அணைத்தாள். அதன் சுவிட்ச் எங்கே இருக்கிறது என்று எனக்குத் தெரியவில்லை, இத்தனைக்கும் நான் பிறந்து வளர்ந்த வீடு. வண்டியில் ஏறும் முன் என் தோளைத் தொட்டு, "நாளைக்கு நான் போன் எடுக்கலைன்னா, நீயா ஒண்ணை நினைச்சுக்காதே. வந்து பாரு" என்றாள். உளறாதே என்று அதட்டினேன்.

சில மாதம் கழித்து ஒரு ஞாயிற்றுக்கிழமை அவள் போன் எடுக்கவில்லை. சாயங்காலமும் எடுக்கவில்லை. காவலாளியின் எண்ணும் கிடைக்கவில்லை. "காட்டுல சிக்னல் இருக்காது, படு" என்றார் என் கணவர். படுத்தேன், கண் மூடவில்லை. விடியும் முன் முதல் பஸ்ஸைப் பிடித்தேன். நிலையத்து அறை பூட்டியிருந்தது. செருப்பில் புல் அப்ப, மூச்சு வாங்க, அந்தச் சரிவில் வரிசை வரிசையாகத் தேடிக்கொண்டு ஏறினேன்.

மேல் வரிசையில், ஒரு பெட்டி முன்னால் குத்துக்காலிட்டு உட்கார்ந்திருந்தாள். என்னைப் பார்த்ததும் பதறி, "யாருக்கு என்ன ஆச்சு?" என்றாள்.

"யாருக்கும் ஒண்ணுமில்ல. நீ போன் எடுக்கலை."

"நேத்துக் கீழே விழுந்து உடைஞ்சிடுச்சு." தராசைத் தூக்கியவள் எடை பார்க்காமல் அப்படியே இருந்தாள். பைக்குள் எலி புரண்டுகொண்டிருந்தது. "அதுக்கா இவ்வளவு தூரம் வந்தே?"

"நீதானே வந்து பாருன்னே."

அவள் முகத்தைத் திருப்பிக்கொண்டாள். எடையைப் பார்த்தாள், எழுதினாள். பையைப் புல்லில் சாய்த்து எலியை விட்டாள். அது எங்கள் இருவரையும் ஒரு கணம் பார்த்துவிட்டுப் புதருக்குள் ஓடியது.

"பார்த்துட்டே இல்ல?" என்றாள், திரும்பாமலே.

"பார்த்துட்டேன்."

"அப்ப ஒரு புள்ளி வச்சுக்கோ."

எழுந்து முழங்காலைத் தட்டிவிட்டுக்கொண்டு நடந்தாள். அடுத்த பெட்டியின் கதவும் சாத்தியிருந்தது.