வாயில் முதலில் வந்தது

ரஃபிலாவின் பற்களை ஒரு வெளியூர்க்காரர் எண்ணிப் பார்த்ததிலிருந்துதான் எல்லாம் தொடங்கியது.

அது 1931, மே மாதம். க்ளூஜ் நகரத்திலிருந்து வலேர் என்று ஒருவர் எங்கள் மலையூருக்கு வந்து இறங்கினார். ஒல்லி உடம்பு, மூக்குக்கண்ணாடி, கையில் ஒரு தோல்பெட்டி. நம்முடைய ருமேனிய மொழி எந்த ஊரில் எப்படிப் பேசப்படுகிறது, எந்தச் சொல் எங்கிருந்து வந்தது என்று ஊர் ஊராகப் போய் எழுதிக்கொண்டிருந்தார். ஓர் ஊருக்கு ஓர் ஆள்தான். அந்த ஆள் அங்கேயே பிறந்து, அங்கேயே வளர்ந்து, வெளியே போகாதவராக இருக்க வேண்டும். அதிகம் படித்திருக்கக் கூடாது. பல் முழுசாக இருக்க வேண்டும், பல் போனால் சத்தம் மாறிவிடுமாம்.

எங்கள் ஆண்களில் பாதிப் பேர் ஹங்கேரியர்கள் எங்களை ஆண்ட காலத்தில் பழைய சக்கரவர்த்தியின் பட்டாளத்தில் சேர்ந்து கலீசியா, இத்தாலி என்று சுற்றி வந்தவர்கள். மீதிப் பேருக்குப் பல் இல்லை. கடைசியில் ரஃபிலாவிடம் வந்து நின்றது. என் கணவரின் அக்கா. நாற்பத்து நான்கு வயது, முப்பத்தோரு பல். சந்தைக்குக்கூட மலையிறங்காதவள். பேச்சு மட்டும் குறையவே குறையாது.

"குதிரை வாங்க வந்தவர் மாதிரி பாத்தாருடி தெக்லா," என்றாள் என்னிடம். "வாலைத் தூக்கிப் பாக்காம விட்டாரேன்னு இருந்துச்சு."

ஒன்பது நாள், இரண்டாயிரம் கேள்வி. அந்நிய ஆணோடு ஒரு பெண் தனியே உட்காரக் கூடாது என்பதால் கம்பளி நூற்கும் சாக்கில் நான் அடுப்படியில் இருந்தேன். பள்ளி வாத்தியார் பம்ஃபிலும் ஒரு நாற்காலியைப் போட்டுக்கொண்டு உட்கார்ந்துவிட்டார். வாய் திறக்கக் கூடாது என்பது வலேர் போட்ட நிபந்தனை. வாத்தியாருக்கு அது பெரிய தண்டனை. நாமெல்லாம் ரோமாபுரி வம்சம் என்பதில் அவருக்கு அப்படி ஒரு பெருமை. பிள்ளைகளுக்கு டிராயான், அவுரேலியன், லிவியா என்று பெயர். நாய்க்கு மட்டும் ஹங்கேரியப் பெயர்.

வலேர் எந்தப் பொருளையும் பெயர் சொல்லிக் கேட்க மாட்டார். மாட்டைக் கறந்தால் வருவது என்ன, ராத்திரியில் வானத்தில் இருப்பது என்ன என்று சுற்றி வளைப்பார். அவள் சொன்னது சொன்னபடி, இழுத்தது இழுத்தபடி நோட்டில் ஏறும். எழுத்துக்கு மேலே கொக்கி, கீழே புள்ளி, பக்கத்தில் பிறை. அவருக்கு ஒரே ஒரு சட்டம்தான். முதலில் வாயில் வந்தது எதுவோ அதுதான் பதில். யோசித்துத் திருத்தினால் திருத்தியதையும் பக்கத்தில் எழுதுவார், முதல் பதிலை அடிக்க மாட்டார்.

நடுநடுவே கொஞ்சம் சொல்லவும் செய்வார். பால், பசு, நிலா, ரொட்டி, உப்பு, எல்லாம் ரோமானியச் சிப்பாய்களோடு வந்த சொற்களாம். ஏரும் காதலும் ஸ்லாவியர்களிடமிருந்து வந்தவை.

"அப்ப அவங்க வர்றதுக்கு முன்னாடி நாங்க எப்படி ஐயா புள்ள பெத்தோம்?" என்றாள் ரஃபிலா.

வலேர் சிரிப்பை அடக்கிக்கொண்டு அதையும் எழுதினார். பாலாடைக்கட்டி, ஊசியிலை மரம், குதிரைக்குட்டி, அடுப்பு எரிகிற இடம், இவை மட்டும் ரோமாபுரிக்கும் முந்தியவையாம். அவற்றைப் பேசியவர்கள் யார், அவர்கள் மொழி என்ன ஆயிற்று என்று யாருக்கும் சரியாகத் தெரியாதாம்.

"இதுல தெரியாம போக என்ன இருக்கு? சிப்பாய் வந்தான், போனான். அடுப்பப் பாத்துக்கிட்டு ஒருத்தி வீட்டிலயே கெடந்தால்ல, அவ பேசினது."

வாத்தியார் நாற்காலியில் நெளிந்தார்.

முதல் ஆறு நாளில் ரஃபிலா ஒரு சுற்றுப் பெருத்துவிட்டாள் என்றே சொல்வேன். பதினாறு வயதில் இதே ஊரிலேயே கல்யாணமானவள், ஐந்து பெற்று ஒன்றைத்தான் வளர்க்க முடிந்தது. அவள் கணவன் இரிமியே ஒரு நாளைக்கு நாலு வார்த்தை பேசினால் அதிகம். அவள் சொல்வதை ஒரு மனுஷன் தலைகுனிந்து எழுதிக்கொள்வது அவளுக்கு அதுதான் முதல் தடவை. வெறும் பதிலோடு நிறுத்த அவளால் முடியவில்லை. திக்குவாய் என்றால் 'நம்ம கோயில்மணி அடிக்கிறவன் மாதிரி' என்பாள். நொண்டி என்றால் ஒரு பெயர், கஞ்சன் என்றால் இரண்டு பெயர்.

ஏழாம் நாள் அந்தக் கேள்வி வந்தது. "அடுத்தவங்க பசுவோட பாலை மந்திரத்தால திருடுற பொம்பளைக்கு என்ன பேரு?"

"பொசொர்கொயே," என்றாள் ரஃபிலா பட்டென்று. "நம்மூர்ல கிரிலா பொண்டாட்டி வர்வரா. கடவுள் என்னை மன்னிக்கணும்."

என் கையில் நூல் அறுந்தது.

ஏனென்றால் ரஃபிலாவின் ஒரே மகள் சவேத்தாவை, வர்வராவின் மகன் ஒனிஷோருக்கு நிச்சயம் செய்திருந்தது. திராட்சைப் பறிப்பு முடிந்ததும் கல்யாணம். சவேத்தா தறியில் உட்கார்ந்து தலையணை உறைகளை நெய்துகொண்டிருந்தாள், பன்னிரண்டில் ஒன்பது முடிந்திருந்தது. அந்தப் பையனைத் தவிர அவளுக்கு வேறு நினைப்பில்லை என்பது ஊருக்கே தெரியும்.

வர்வராவைப் பற்றிய பேச்சும் ஊருக்கே தெரிந்ததுதான். செயின்ட் ஜார்ஜ் திருநாள் விடியலில் அவள் பனிப்புல்லில் துணியை இழுத்துக்கொண்டு போனதை யாரோ பார்த்தார்களாம். அடுத்தவர் பசுவின் பாலை அப்படித்தான் இழுப்பார்கள் என்பது எங்கள் நம்பிக்கை. காணாமல் போன வான்கோழியைத் தேடிப்போனேன் என்றாள் வர்வரா. இருக்கலாம். ஆனால் அவள் பசு மட்டும் எல்லோருடையதையும்விட இரட்டிப்பாகக் கறந்தது. எல்லோரும் முதுகுக்குப் பின்னால் சொன்னோம். நானும் சொல்லியிருக்கிறேன். ஒரு காகிதத்தில் ஏறும்படி சொன்னவள் ரஃபிலா ஒருத்திதான்.

ரஃபிலாவுக்கும் சட்டென்று உறைத்தது. "ஐயா, அந்தக் கடைசியில சொன்னது வேணாம்," என்றாள். வலேர் தலையை மட்டும் அசைத்தார். அடுத்த கேள்வி தேனீயைப் பற்றியது. பெயர் போய்விட்டது என்று அவள் நினைத்துக்கொண்டாள்.

அது அவர்மூலம் வெளியே போயிருக்கவே போயிருக்காது. போனது வாத்தியார்மூலம். அவருக்கு வர்வராவைப் பற்றிக் கவலையில்லை, சொல்லைப் பற்றித்தான் கவலை. அன்று மாலை சாராயக்கடையில் ப்ளம் சாராயத்தை வைத்துக்கொண்டு புலம்பியிருக்கிறார்.

"ரெண்டாயிரம் வருஷத்துக்கு முன்னாடி ரோமாபுரி நமக்குக் குடுத்த சொல் இருக்கு, சூனியக்காரிக்கு ஸ்த்ரீகான்னு. அழகான லத்தீன் சொல். இந்தப் பொம்பள வாயைத் தொறந்து பொசொர்கொயேன்னு ஹங்கேரியக்காரன் சொல்லைச் சொல்றா. நாளைக்கு உலகமே படிக்கும், இந்த ஊருக்கு நம்ம சொல்லே கெடையாதுன்னு."

"எந்த இடத்துல வாத்தியாரே அந்தச் சொல் வந்துச்சு?" என்று யாரோ கேட்டிருக்கிறார்கள்.

"வர்வராவப் பத்திப் பேசினப்பதான்," என்று சொல்லிவிட்டு, மறுபடியும் ரோமாபுரிக்குப் போய்விட்டார்.

இருட்டுவதற்குள் வர்வரா வேலியோரம் வந்து நின்றாள். கத்தவில்லை. கத்தியிருந்தால் நல்லது என்று பின்னால் ரஃபிலா சொன்னாள்.

"சம்பந்தி, என்னை ஏதோ சொன்னீங்களாமே?"

"யாரு சொன்னது? வாத்தியார் குடிச்சிட்டு உளறினதா? நான் அப்படிச் சொல்லுவேனா, நாளைக்கு ஒரே அடுப்புல சாப்பிடப் போறவங்க நாம."

"நீங்க சொல்லலன்னா சரி. அந்த ஐயாவையே கேட்டுடலாம்."

ஆனால் வலேர் மீதி இரண்டு நாளை முடித்துக்கொண்டு கிளம்புகிறவரை வர்வரா வரவில்லை. வாசலில் எந்நேரமும் வேடிக்கை பார்க்க இரண்டு பேர் போவதும் வருவதுமாக இருந்தார்கள், ஊர் முன்னால் கேட்க அவளுக்கு மனமில்லை போலிருக்கிறது. அந்த இரண்டு நாளும் ரஃபிலா கேள்விக்கு மட்டும் பதில் சொன்னாள். வலேரிடம் நோட்டைப் பற்றிக் கேட்க அவளுக்குத் துணிவு வரவில்லை. கேட்டால் எழுதியிருக்கிறேன் என்று சொல்லிவிடுவாரோ என்று பயம். அவர் மலைக்கு அந்தப் பக்கத்து ஊருக்குப் போன மறுநாள் காலையில் வர்வரா தலையில் முக்காட்டைக் கட்டிக்கொண்டு வந்து நின்றாள்.

"வாங்க சம்பந்தி, போய்ட்டு வந்துடலாம்."

மூன்று மணி நேர ஏற்றம். துணைக்கு நானும் போனேன். வழியில் இருவரும் வானிலையைப் பற்றியும் உறைகளின் பூவேலையைப் பற்றியும் பேசிக்கொண்டே வந்தார்கள். கேட்டால் உண்மையான சம்பந்திகள் என்றுதான் தோன்றும்.

அங்கே ஒரு கிழவனிடம் வலேர் கேள்வி கேட்டுக்கொண்டிருந்தார். கிழவனுக்கு ஓநாய்க்கு இருக்கிற மாதிரிப் பல். செருப்பிலிருந்த சேற்றை வழிக்க வர்வரா ஓடைக்குப் போன நேரத்தில் ரஃபிலா உள்ளே நுழைந்தாள்.

"ஐயா, அந்த ஒரு வரிய அடிச்சிடுங்க. உங்க காலப் புடிக்கிறேன்."

"அடிக்க முடியாதம்மா."

"பேரை மட்டும் அடிங்க. சொல்ல வச்சுக்குங்க."

"ஒண்ணை அடிச்சா மீதி ரெண்டாயிரத்தையும் எவன் நம்புவான்? நான் இதை யார்கிட்டயும் சொல்லப் போறதில்ல."

"அப்ப இல்லன்னாவது சொல்லுங்க. அவ கேப்பா. இல்லன்னு ஒரு வார்த்த. எம் மகளோட வாழ்க்கை ஐயா."

அந்த மனுஷன் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். கெட்டவர் இல்லை. அவருக்குப் பொய் சொல்லிப் பழக்கமில்லை, அதுதான் விஷயம். பதில் சொல்வதற்குள் வர்வரா நிலைப்படியில் நின்றாள்.

"எம் பேரு அதுல இருக்கா ஐயா?"

அவர் நோட்டைச் சட்டென்று மூடினார். அதுவே போதுமானதாக இருந்தது. ஆனால் வர்வரா விடவில்லை.

"எனக்குப் படிக்கத் தெரியாது. எம் பேரு இருந்தா அத நான் கேக்கணும். வாசிங்க."

"அம்மா, இது உங்களப் பத்தின குத்தமில்ல. இந்தச் சொல் ஹங்கேரிய மொழியிலேர்ந்து வந்தது, ஒரு பழைய நம்பிக்கைக்கு—"

"சொல்லு எங்கேர்ந்து வந்தா எனக்கென்ன ஐயா. எங்க போய்ச் சேருதுன்னு பாருங்க. வாசிங்க."

கிழவன் வேறு உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தான். வலேர் நோட்டைப் புரட்டினார். பக்கத்தைக் கண்டுபிடித்து வாசித்தார்.

அவருக்கு அதை வேறு மாதிரி வாசிக்கத் தெரியாது. கொக்கியும் பிறையும் எப்படிச் சொன்னதோ அப்படித்தான் வாசிக்க முடியும். ரஃபிலா 'பொசொர்கொயே' என்பதில் நடு எழுத்தை லேசாக அமுக்குவாள். 'கிரிலா' என்னும்போது மூக்கால் ஒரு சின்ன இழுப்பு இழுப்பாள். 'கடவுள் என்னை மன்னிக்கணும்' என்பதை வேகமாக, ஒரு தும்மல் மாதிரி, முடிப்பாள். அத்தனையும் அந்தக் கண்ணாடிக்காரர் வாயிலிருந்து வந்தது. கண்ணை மூடியிருந்தால் என் நாத்தனார் பேசுகிறாள் என்றே நினைத்திருப்பேன். ரஃபிலா தன் வாயைக் கையால் பொத்திக்கொண்டாள், அவள்தான் பேசிவிட்டது மாதிரி.

வர்வரா முக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்டாள். "இது அவங்க பேச்சுதான்," என்றாள். "இப்படிப் பேச ஊர்ல வேற யாருக்கும் வராது." கிழவனுக்கு ஒரு வணக்கம் சொல்லிவிட்டுத் தனியாக மலையிறங்கினாள். நாங்கள் பின்தங்கியே வந்தோம். ரஃபிலா வழியில் இரண்டு தடவை உட்கார்ந்தாள்.

மறுநாள் நிச்சயத்துக்குக் கொடுத்த கைக்குட்டை திரும்பி வந்தது. துவைத்து, மடித்து. இரிமியே ஒரு சாராயக் குப்பியை எடுத்துக்கொண்டு கிரிலாவைப் பார்க்கப் போனார். அவருடைய நாலு வார்த்தையும் பலிக்கவில்லை. ஒனிஷோர் ஒரே ஒரு தடவை எங்கள் பக்கத்து வேலிக்கு வந்தான்.

"உங்கம்மா என்ன சொல்றாங்க?" என்று சவேத்தா கேட்டாள்.

"அம்மா ஒண்ணும் சொல்லல. அதான் கஷ்டம்."

"நீ என்ன சொல்ற?"

அவன் வேலிக் குச்சியை முறுக்கிக்கொண்டே நின்றான். நல்ல பையன்தான். ஆனால் அம்மாவுக்கு ஒரே பிள்ளை.

விஷயம் அதோடு நிற்கவில்லை. இதுவரை முணுமுணுப்பாக இருந்தது இப்போது எழுத்தில் ஏறிவிட்டது என்று ஊர் பேசியது. க்ளூஜில் பெரிய மனுஷர்களே எழுதி வைத்திருக்கிறார்கள் என்றால் பொய்யாகவா இருக்கும்? ஊர்ப் பொதுப் பட்டியில் அவரவர் ஆட்டுப் பாலை அளக்கும் நாளில் வர்வராவின் பாத்திரத்தைத் தனியே வைத்தார்கள். அவள் வீட்டிலிருந்து யாரும் பால் வாங்குவதில்லை என்றாயிற்று. ஒனிஷோருக்கு வேறு பெண் பார்த்தார்கள், அமையவில்லை. யார் கொடுப்பார்கள்?

வாத்தியார் மட்டும் வந்து மன்னிப்புக் கேட்டார். "நான் மொழிக்காகத்தான் பேசினேன் ரஃபிலா," என்றார்.

"தெரியும் வாத்தியாரே," என்றாள். அவருக்கு ஒரு கிண்ணம் மோர் கொடுத்தாள்.

இலையுதிர் காலத்தில் சவேத்தா துர்தா நகரத்தில் ஒரு மருத்துவர் வீட்டில் வேலைக்குப் போனாள். ஒன்பது உறைகளையும் பெட்டியிலேயே விட்டுவிட்டாள், பத்தாவது தறியில் பாதியில் நின்றது. அம்மாவோடு சண்டை போடவில்லை. கேட்டதற்குப் பதில் சொன்னாள், சாப்பிட்டாள், வண்டியேறினாள். ரஃபிலா கட்டிக்கொடுத்த பாலாடைக்கட்டியை மடியில் வைத்துக்கொண்டாள். எழுது என்று ரஃபிலா சொன்னதற்கு, "உனக்கு யாரு வாசிச்சுக் காட்டுறது?" என்றாள். அதில் கோபம் இருந்ததா என்று எனக்கு இன்றுவரை தெரியவில்லை.

அதற்குப் பிறகுதான் ரஃபிலா அந்தக் காரியத்தைத் தொடங்கினாள். சனிக்கிழமைதோறும், ஊர் பார்க்கும் நேரத்தில், செம்பை எடுத்துக்கொண்டு தெருவோடு நடந்து போய் வர்வராவின் படலுக்கு முன்னால் நிற்பாள். பால் வாங்க. ரஃபிலா வீட்டிலேயே கறக்கிற பசு இருந்தது. வர்வரா வெளியே வரமாட்டாள். உள்ளே வாளிச் சத்தம் கேட்கும், பின்பு அதுவும் நின்றுவிடும். ஒரு கால்மணி நேரம் நின்றுவிட்டு ரஃபிலா திரும்புவாள். பனியிலும் போனாள். பிள்ளைகள் சிரித்தார்கள், பிறகு அவர்களுக்கும் சலித்துவிட்டது.

"எதுக்குக்கா போற? அவ தொறக்க மாட்டா," என்றேன் ஒருமுறை.

"தெரியும்டி." செம்பைக் கவிழ்த்து வேலிக் கம்பில் மாட்டினாள். "தொறந்தா என்ன சொல்றதுன்னுதான் எனக்கும் தெரியல."

சவேத்தா கிறிஸ்துமஸுக்கு வரவில்லை, ஈஸ்டருக்கும் வரவில்லை.