எட்டுப் பேருக்கு ஒரு கிரகம்

திருவனந்தபுரம் கழக்கூட்டத்தில் எங்கள் அடுக்குமாடிக் குடியிருப்பின் கீழ்த்தள ஹாலைப் பார்த்துக்கொண்டவரின் பெயரை நான் கேட்டதே இல்லை. எல்லோருக்கும் அவர் அண்ணாச்சிதான். நாகர்கோவில் பக்கத்துக்காரர். ஒல்லி, எப்போதும் மங்கிய நீலச் சட்டை. வாசலோரம் ஒரு பழைய இரும்பு நாற்காலியில் இருப்பார். யாருக்காவது நாற்காலி போட்டால், தானே ஒருமுறை உட்கார்ந்து பார்த்துவிட்டுத்தான் போடுவார்.

எங்கள் ஆபீசின் அறிவியல் புனைகதைப் பைத்தியங்கள் எட்டுப் பேர் அந்த ஹாலில் பார்ட்டி வைத்தோம். என்ன விளையாடுவது என்று அங்கேயே ஒரு மணி நேரம் சண்டை. கடைசியில் மியூசிக்கல் சேர் என்று முடிவானது. நாற்காலிகள்தான் கிரகங்கள். பாட்டு நிற்கும்போதெல்லாம் ஒரு கிரகம் அழியும். இடம் கிடைக்காதவர் அவுட்.

"அவுட்டான ஆளு பொறவு என்ன செய்யும்?" என்று கேட்டார் அண்ணாச்சி.

"ஓரமா நின்னு பாக்கும்."

"அதுக்கா மக்கா பார்ட்டி வைக்கிய? நாற்காலிய எடுங்க, ஆள எடுக்காண்டாம். உள்ளதுல எல்லாரும் நெருங்கி இருந்தா மதி, அது போதும்."

அப்படியே ஆடினோம். கடைசிக் கிரகத்தில் எட்டுப் பேரும் மடியிலும் கைப்பிடியிலுமாகத் தொற்றிக்கொண்டு, மூச்சு முட்டச் சிரித்தோம். நாற்காலி அசையவே இல்லை. இறங்கிய பிறகுதான் பார்த்தேன், கடைசிச் சுற்றுக்கு அவர் மாற்றிப் போட்டிருந்தது வாசலோரத்து இரும்பு நாற்காலி. அண்ணாச்சி அதன் முதுகை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு நின்றிருந்தார்.

அவரையும் ஆட்டத்தில் சேர்க்க எங்களில் ஒருவருக்கும் தோன்றவில்லை. அவர் முகத்தில் குறை எதுவும் தெரியவில்லை. நாற்காலியைத் தூக்கிப்போய் வாசலோரம் போட்டார். வழக்கம்போல ஒருமுறை உட்கார்ந்து பார்த்தார்.