பொட்டு வைத்த சொற்கோப்பு

விமலேஸ்வரி கம்பியூட்டர் டிஸ்க்கைக் கடதாசி உறையிலிருந்து எடுப்பதற்கு ஒரு முறை வைத்திருந்தாள். முதலில் சேலைத் தலைப்பில் இரண்டு கைகளையும் துடைப்பாள். பிறகு பெயர்ச்சீட்டு ஒட்டிய மூலையை மட்டும் இரண்டு விரலால் பிடித்து மெல்ல மெல்ல இழுப்பாள். கறுப்பு அட்டையில் நீள்வட்டமாக ஒரு துவாரம். அதற்குள் மண்ணிறத் தகடு மினுங்கும். அந்த இடத்தில் தன் மூச்சுக்கூடப் படாமல் முகத்தைத் திருப்பிக்கொண்டு இயந்திரத்துக்குள் செலுத்துவாள். சிவப்பு விளக்கு அணையும்வரை பக்கத்தில் யாரும் கதைக்கக் கூடாது.

“பிள்ளைத்தாச்சியை பஸ்ஸில ஏத்திற மாதிரி,” என்பார் எழுதுவினைஞர் அப்புத்துரை.

1982இல் கிளிநொச்சியில் வெளிநாட்டு உதவியோடு நடந்த கிணற்றுத் திட்டம் ஒன்றின் அலுவலகம் அது. குடியேற்றத்தில் நெல் விதைக்கும் யாழ்ப்பாணத்துக் குடும்பமொன்றின் மூத்த மகள் விமலேஸ்வரி. தட்டெழுத்துப் படித்தவள். ஒரு வருடத்துக்கு முன் கம்பியூட்டர் வந்து இறங்கியபோது, அதைத் தொடத் துணிந்தவள் அவள் ஒருத்திதான்.

அவள் பத்திரப்படுத்திய டிஸ்க்கில் எழுத்துப்பிழை பார்க்கும் புரோகிராம் இருந்தது. ஆங்கிலத்தில் அடித்த கடிதத்தை அது சொல் சொல்லாகப் பார்க்கும். தனக்குத் தெரியாத சொல்லில் புள்ளடி போடும். புரோகிராமுக்குச் சொந்தமாக ஒன்றும் தெரியாது. அதன் பின்னால் ஒரு சொற்கோப்பு இருந்தது. யாரும் திறந்து வாசிக்காத அந்தக் கோப்பிடம்தான் அது ஒவ்வொரு சொல்லையும் கேட்டுக்கேட்டு வரும். அமெரிக்காவில் தயாரான கோப்பு. அதற்கு மிசிசிப்பி தெரியும், மல்லாவி தெரியாது. மூக்கன் பிழை, ஏரம்பு பிழை, உடையார்கட்டு ஊர் முழுவதும் பிழை.

விமலேஸ்வரி ஒவ்வொரு புள்ளடியிலும் நின்று, ‘இது பிழையில்லை, சேர்த்துக்கொள்’ என்னும் கட்டையை அழுத்தினாள். ஒரு வருடத்தில் ஆயிரத்து முந்நூறு பெயர்கள் அந்தக் கோப்பில் குடியேறிவிட்டன.

அது வீண்வேலை அல்ல. கிணறு கேட்டு எழுதிய விண்ணப்பத்தில் இருந்த பெயருக்கும் அலுவலகம் அனுப்பும் பட்டியலில் வரும் பெயருக்கும் ஓர் எழுத்து மாறினாலும் கொழும்புத் தலைமை அலுவலகம் அவரை வேறு ஆள் என்று ஒதுக்கிவிடும். கம்பியூட்டர் வருவதற்கு முந்திய பட்டியலில் ஒன்பது குடும்பங்களுக்கு அப்படித்தான் கிணறு இல்லாமல் போனது. விண்ணப்பங்களோ எப்போதோ கொழும்புக்குப் போய்விட்டன. எந்தப் பெயரை எப்படி எழுதியிருந்தார்கள் என்பது முழுவதும் இப்போது அந்தக் கோப்பில் மட்டும்தான். நாளைக்குப் பிரதி எடுப்போம் என்று இரண்டு புது டிஸ்க்குகள் மேசை லாச்சிக்குள் கிடந்தன. அந்த நாளை வரவேயில்லை.

நவராத்திரி வந்தது. அலுவலகத்தில் சரஸ்வதி படத்துக்கு முன்னால் பேரேடு, தட்டெழுத்துப் பொறி, நில அளவைச் சங்கிலி எல்லாவற்றையும் வைத்தார்கள்.

“கம்பியூட்டரையும் வைக்கத்தானே வேணும்,” என்றார் பொறுப்பதிகாரி ராஜரத்தினம்.

“அதைத் தூக்க ஏலாது சேர். டிஸ்க்கை வைப்பம். படிப்பு அதுக்குள்ளதானே இருக்கு,” என்று விமலேஸ்வரியே எடுத்துக் கொடுத்தாள்.

பூசை முடிந்து, கடலையும் அவலும் தின்று, மறுநாள் காலை வந்து டிஸ்க்கைத் தொட்டவள் அப்படியே நின்றுவிட்டாள். நீள்வட்டத் துவாரத்துக்குள் சந்தனம் காய்ந்திருந்தது. அதன் நடுவில் வட்டமாகக் குங்குமம்.

தேத்தண்ணி ஊற்றும் ராக்காயி கேத்திலோடு வாசலில் நின்றாள். எழுபத்தேழுக் கலவரத்துக்குப் பிறகு மலைநாட்டுத் தேயிலைத் தோட்டத்தை விட்டு இரண்டு பிள்ளைகளோடு வந்தவள்.

“நான்தான் மிஸ் வச்சேன். எல்லாத்துக்கும் நெத்தி பாத்துத்தான் வச்சேன். இதுக்கு அந்த எடந்தான் நெத்தி மாதிரி இருந்துச்சு.”

விமலேஸ்வரிக்கு அழுகை வந்தது. அதோடு சிரிப்பும் வரப் பார்த்தது.

“பிள்ளை, லிஸ்ட் திங்கட்கிழமை ரெயினுக்குப் போகாட்டி இந்த வருசத்துக் கிணறு இல்லை. நானூற்றுப் பன்னிரண்டு குடும்பம்,” என்றார் ராஜரத்தினம். அன்று வியாழக்கிழமை.

“பிளேட்டால சுரண்டிப் பாப்பமே?” என்றார் அப்புத்துரை.

“சுரண்டினா ஆக்களும் சேர்ந்து போயிடுவினம் அண்ணை.”

“எங்க பேரும் அதுலயா மிஸ் இருக்கு?” என்று கேட்டாள் ராக்காயி.

“ஓம் அக்கா. உங்கட பேரும் இருக்கு.”

ராக்காயி கேத்திலை மேசையில் வைத்துவிட்டுக் கிட்ட வந்து பார்த்தாள். “பட்டுச்சேலையில குங்குமம் பட்டா தேய்க்கப்படாது. தண்ணியே கொண்டுபோகணும். உள்ள இருக்கிறத வெளிய எடுக்க முடியுமா?”

முடியும் என்று அதுவரை யாருக்கும் தோன்றவில்லை. விமலேஸ்வரி அட்டையின் ஓரத்தைப் பிளேட்டால் கீறினாள். உள்ளேயிருந்து எக்ஸ்ரேப் படத்தைப்போல மெல்லிய வட்டத்தகடு வழுக்கி வந்தது. கிணற்றுத் தண்ணீர் எடுக்க வாளியைத் தூக்கிய அப்புத்துரையை ராக்காயி மறித்தாள்.

“அது வேணாம் ஐயா. காஞ்சா வெள்ள படியும். தெனமும் கேத்தல்ல பாக்குறனே.”

வெளியே ஐப்பசி மழை தூறிக்கொண்டிருந்தது. கூரைப் பீலிக்குக் கீழே பாத்திரம் வைத்துப் பிடித்தார்கள். தகட்டின் நடுத்துளைக்குள் விரலைக் கொடுத்து, நீருக்குள் அதை மெல்லச் சுழற்றினாள் ராக்காயி. கொழுந்து கிள்ளிய விரல்கள், தகடு மடங்கவில்லை. மஞ்சள் கரைந்தது, பிறகு சிவப்பு கரைந்தது. விமலேஸ்வரி அதைக் காற்றாடிக்குக் கீழே நூலில் தொங்கவிட்டாள்.

கீறிய அட்டைக்குப் பதிலாகத் தகட்டைப் போட வேறு அட்டை வேண்டுமே. லாச்சியில் கிடந்த புது டிஸ்க்குகள் இரண்டும் பிரதி எடுக்கத் தேவை. அப்புத்துரையின் பழைய அறிக்கைகள் இருந்த டிஸ்க்கை அவள் எடுத்தாள்.

“அது என்ரை ஒரு வருச உழைப்பு, பிள்ளை.”

“ஆர் வாசிச்சவை அண்ணை?”

அவர் பிளேட்டை எடுத்து நீட்டினார். “சரி, வெட்டு.”

பின்னேரம் தகட்டை அந்த அட்டைக்குள் இட்டு இயந்திரத்துக்குள் தள்ளினாள். அது கரகரவென்று அரைத்தது. நின்றது. மறுபடி அரைத்தது. திரையில் பச்சை எழுத்தில் புரோகிராமின் பெயர் வந்தது. விமலேஸ்வரி ‘ராக்காயி’ என்று ஆங்கிலத்தில் அடித்து, புரோகிராமைச் சோதிக்கச் சொன்னாள். பிழை: பூச்சியம்.

“என்ன சொல்லுது மிஸ்?”

“உங்களைத் தெரியுமாம்.”

உடனேயே இரண்டு பிரதிகள் எடுத்தாள். ஒன்று அவளுடைய லாச்சிக்கு. “மற்றதைக் கொழும்பில பத்திரமா வைக்கச் சொல்லி அனுப்பு. அங்க ஒருத்தரும் பொட்டு வைக்க மாட்டினம்,” என்றார் ராஜரத்தினம். திங்கட்கிழமை ரெயினில் பட்டியலும் டிஸ்க்கும் ஒரே பொதியில் போயின. மார்கழியில் அனுமதி வந்தது. ஒரு பெயர்கூடத் திரும்பவில்லை.

அடுத்த மாசியில் விமலேஸ்வரி ஒரு பயிற்சிக்குக் கொழும்புத் தலைமை அலுவலகம் போனாள். அங்கேதான் தெரியவந்தது: பத்திரமாக வைக்க அனுப்பிய டிஸ்க்கை யாரோ புரோகிராமின் மூலப்பிரதி என்று நினைத்துத் திட்டத்தின் ஏழு மாவட்ட அலுவலகங்களுக்கும் பிரதி எடுத்துக் கொடுத்திருந்தார்கள். உடையார்கட்டு முதல் ராக்காயி வரைக்கும் தெரிந்து வைத்திருந்த அந்தக் கோப்பைக் கண்டு வியந்து, அமெரிக்கக் கம்பனிக்கு ஒரு பாராட்டுக் கடிதமும் எழுதியிருந்தார்கள்.