தப்பு நோட்டு

அவளுக்குக் கொக்கு என்று பெயர் வைத்தது தங்கைதான். அடுப்பில் பால் காயும்வரைகூட அக்கா ஒற்றைக் காலில்தான் நிற்பாள். பாலே நடனக் கூடத்துக்குள் நுழையும்போது செருப்போடு சேர்த்து வெளியுலகத்தையும் வாசலிலேயே விட்டுவிடுவாள். உயரமான ஜன்னல்கள், தேய்ந்த மரத்தரை, மூச்சுப்பட்டு மங்கிய கண்ணாடி. பியானோ தொடங்கிவிட்டால் தரை எங்கே முடிகிறது, தான் எங்கே தொடங்குகிறோம் என்பதே அவளுக்கு மறந்துபோகும்.

நடனங்களை அமைப்பவரை மாஸ்டர் என்பாள், கிண்டலாகத்தான். இருவருக்கும் ஒரே வயது. பத்தொன்பது வருடமாகச் சேர்ந்து வேலை. மாஸ்டருக்கு ஆட வராது. நின்றால் கோட்டு மாட்டும் கம்பம்தான். ஆனால் அவரிடம் ஒரு கிறுக்குப் பழக்கம். ஒத்திகையில் அவள் தப்பு செய்தால் திருத்த மாட்டார். "வெச்சுக்கோ" என்று சொல்லி ஒரு நோட்டில் எழுதிக்கொள்வார். ஒருமுறை கால் வழுக்கி அரைவட்டம் சுற்றி உட்கார்ந்துவிட்டாள். அதுவே ஊர் மெச்சிய ஆட்டமானது. அவள் வாங்கிய கைதட்டலில் பாதி தப்புக்கு வந்ததுதான்.

நாற்பத்தோரு வயதில் இடது முட்டி மக்கர் பண்ணத் தொடங்கியது. இனிமேல் குதிக்கவே கூடாது என்று டாக்டர் கறாராகச் சொல்லிவிட்டார். புது ஆட்டத்தின் உச்சமோ ஒரு பெரிய தாவல். வாயைத் திறந்தால் அந்த இடம் வேறொருத்திக்குப் போய்விடும். ஆடாத தன்னை அவளுக்குத் தெரியவே தெரியாது. பயந்துபோனாள்.

"மாஸ்டர்கிட்ட சொல்லித் தொலையேன்க்கா," என்று தங்கை முட்டிக்குக் கட்டுப் போட்டுக்கொண்டே தினமும் திட்டினாள். அக்கா காதில் வாங்கவில்லை.

ஒத்திகையில் ஒவ்வொரு அடியையும் அளந்து வைத்தாள். தாவும் இடம் வந்தால், "மேடைக்கு மிச்சம் வெக்கிறேன்" என்று நடந்து காட்டினாள்.

"பத்து நாளா ஒரு தப்பும் பண்ணலையே, என்ன ஆச்சு?" மாஸ்டர் நோட்டை மூடிக்கொண்டே கேட்டார்.

"புத்தி வந்திருச்சு," என்றாள். அவர் சிரிக்கவில்லை.

முதல் காட்சியன்று நீல வெளிச்சத்தில் மேடை குளம் மாதிரி கிடந்தது. அவள் மிதந்தாள். மெய்யாகவே மிதந்தாள். தாவும் இடத்துக்கு ஓடி வந்தபோது கால் தரையை விட மறுத்தது. நின்றுவிட்டாள். இசை அவளைத் தாண்டிப் போனது. கை மட்டும், உடம்பு போக வேண்டிய வழியில் மெல்ல மேலே போனது. அரங்கில் ஒருவர்கூட இருமவில்லை. எப்படியோ மீதியை ஆடி முடித்தாள். கைதட்டல் காதில் ஏறவே இல்லை. யார் முகத்தையும் பார்க்காமல் வீட்டுக்குப் போய், தங்கை மடியில் விழுந்து அழுதாள்.

மறுநாள் காலை, விலகிக்கொள்கிறேன் என்று சொல்லிவிடத்தான் கூடத்துக்குப் போனாள். அவள் பேசுமுன் மாஸ்டர் நோட்டை விரித்துக் காட்டினார். புதுப் பக்கத்தில் ஒரே வார்த்தை: நின்றாள்.

"வெச்சுக்கோ," என்றார். "ஆனா அங்க இன்னும் ரெண்டு மூச்சு நில்லு."

"மாஸ்டர், என் முட்டி..."

"தெரியும். நீ தப்பே பண்ணாதப்பவே தெரிஞ்சுபோச்சு. நீயா சொல்லுவேன்னு காத்துக்கிட்டு இருந்தேன்." பென்சிலைக் காதில் செருகிக்கொண்டார். "ஐஸ் வெச்சியா?"