மழைக்காரி

எங்கள் சித்தி உப்பளத்தில் கால் வைத்தால் மழை வரும் என்று மரக்காணத்தில் ஒரு பேச்சு இருந்தது. எண்பதுகளின் கடைசியில், ஒரு கோடையில், அவள் பிரம்மதேசத்திலிருந்து வந்து எங்கள் வீட்டில் தங்கி உப்பு வாரும் வேலையில் சேர்ந்தாள். சேர்ந்த அன்று சாயங்காலமே மழை கொட்டி, பாத்திகளில் விளைந்திருந்த உப்பெல்லாம் கரைந்துபோனது. பிறகு காய்ச்சலில் படுத்து, தேறி மறுபடி போன அன்றும் மழை. அவ்வளவுதான், மழைக்காரி என்று பேர் வைத்துவிட்டார்கள். நடுவே அவள் வாரிக் குவித்த வெயில் நாட்கள் ஒருவருக்கும் நினைவில்லை. மேஸ்திரி இனி வேலைக்கு வர வேண்டாம் என்றுவிட்டார். அவள் வீட்டிலேயே கிடந்த ஒரு நாளும் மழை பெய்தது. அன்று காலையில் அவள் ரோட்டோரம் நின்று அளத்தைப் பார்த்தாளாம். அதையும் யாரோ கண்டுபிடித்துச் சொன்னார்கள்.

எனக்கு ஒன்பது வயது. சித்தி மூலையில் சுருண்டு கிடப்பதைப் பார்க்கப் பார்க்கப் பற்றிக்கொண்டு வந்தது. ஒரு நாள் உச்சி வெயிலில் அவள் கையைப் பிடித்து இழுத்தேன். வரமாட்டேன் என்றாள். நான் விடவில்லை. எல்லாரும் பார்க்க உப்பள வரப்பின்மேல் அவளை நடத்திக் கூட்டிப்போனேன்.

"ஏ பொண்ணே, அவள எதுக்கு இட்டாந்த?" என்று மேஸ்திரி கத்தினார்.

"மழை எங்க? வரச் சொல்லுங்க பாக்கலாம்!" என்று நானும் கத்தினேன்.

வாரிக்கொண்டிருந்த பெண்கள் நிமிர்ந்து வானத்தைப் பார்த்தார்கள். துணுக்கு மேகம்கூட இல்லை. உப்புக் குவியலின் பக்கத்தில் சித்தியை உட்காரவைத்து நானும் உட்கார்ந்துகொண்டேன். மேஸ்திரி அதட்டியும் எழுந்திருக்கவில்லை. பொழுது சாய்ந்தது. ஒரு சொட்டு விழவில்லை.

மேஸ்திரி துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு, "இன்னைக்கி தப்பிச்சோம்" என்றார்.

எனக்கு அழுகை முட்டியது. ஆனாலும், "நாளைக்கும் வருவோம்!" என்று அவர் முகத்துக்கு நேராகச் சொல்லிவிட்டு நடந்தேன்.

ரோட்டுக்கு வந்ததும் சித்தி நின்றாள். தெளிந்து கிடந்த வானத்தை அண்ணாந்து பார்த்தாள்.

"நாளைக்கி வேணாம்மா."

"ஏன் சித்தி?"

"நாளைக்கி வந்துடுச்சின்னா?"

மழை வந்தால் மேஸ்திரி திட்டுவாரே என்றுதான் பயப்படுகிறாள் என நினைத்தேன். "அந்த ஆளுக்கெல்லாம் நீ பயப்படாத, நான் இருக்கேன்" என்று அவள் கையை இன்னும் இறுக்கிப் பிடித்துக்கொண்டேன்.